புதுசா வந்த பையன் என்ன கொண்டு வந்தான்?

சினிமாவில் ஒரு குடும்பம் வீடு மாறுகிறது என்றால் நான் நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவேன். லாரி வந்து நிற்கும். பீரோ இறங்கும். கட்டில் இறங்கும். தையல் மெஷின் இறங்கும். கடைசியில் ஓரமாக ஒரு குழந்தை இறங்கும். மதில்மேல் வரிசையாக உட்கார்ந்திருக்கும் உள்ளூர்ப் பொடியன்கள் அதை ஏற இறங்கப் பார்ப்பார்கள். அவ்வளவுதான், தீர்ந்தது! இடைவேளைக்கு முன்னால் அடி, இடைவேளைக்குப் பின்னால் அழுகை, கிளைமாக்ஸில் கைதட்டல் என்று டைரக்டர் கணக்குப் போட்டுவிட்டார் என்று அர்த்தம்.

இந்த ரகப் படம் எந்த மொழியில் வந்தாலும் நான் விடுவதில்லை. என் மனைவிக்கு இது புரிவதே இல்லை. "மூணாவது தடவை பாக்கறீங்க. முடிவும் தெரியும். அப்புறம் எதுக்குக் கண்ணைத் துடைச்சுக்கறீங்க?" என்பாள். "நீ வெங்காயம் நறுக்கறே, அதான்" என்பேன். அவள் நறுக்கிக்கொண்டிருப்பது வெண்டைக்காயாக இருக்கும்.

அழுது முடித்து முகம் கழுவிய பிறகு, எனக்குள் இருக்கும் பி.காம். பட்டதாரி விழித்துக்கொள்வான். காமர்ஸ் படித்தவர்களுக்கு இது ஒரு வியாதி. எதைப் பார்த்தாலும் நடுவில் ஒரு கோடு போட்டு, இடது பக்கம் பற்று, வலது பக்கம் வரவு என்று எழுதத் தோன்றும்.

பிளஸ் டூ கணக்குப்பதிவியலில் 'கூட்டாளி சேர்ப்பு' என்று ஒரு பாடம் உண்டு. அ என்பவரும் ஆ என்பவரும் கூட்டாக வியாபாரம் செய்கிறார்கள். இ என்பவர் புதிதாக வந்து சேருகிறார். இ சும்மா வந்து நாற்காலியில் உட்கார்ந்துவிட முடியாது. முதல் கொண்டு வரவேண்டும். அதோடு 'நற்பெயர்' என்ற கணக்கில் தனியாக ஒரு தொகையும் வைக்கவேண்டும். அதாவது, 'இத்தனை வருஷம் நாங்கள் நாயாய் உழைத்துக் கடைக்கு ஒரு பெயர் வாங்கி வைத்திருக்கிறோம். நேற்று வந்த நீ பங்கு கேட்கிறாய். அதற்கு என்ன தருகிறாய்?' என்று அர்த்தம்.

புதுப் பையன் படங்கள் எல்லாமே இந்தப் பாடம்தான் சார். இ என்ன கொண்டு வந்தான்?

* * *

1990-ல் வந்த மணிரத்னத்தின் 'அஞ்சலி'யை எடுத்துக்கொள்ளுங்கள். இளையராஜாவுக்கு 500-வது படம். ஆஸ்கர் போட்டிக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பட்ட படம். அது ரிலீஸான சமயம் நான் தொட்டிலில் இருந்தேன். பிற்பாடு டி.வி.யில் பார்த்ததுதான். அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் ஒரு குழந்தை வந்து சேருகிறது. மற்றக் குழந்தைகளைப் போல் அதற்கு மனவளர்ச்சி இல்லை. காலனிக் குழந்தைகள் கேலி செய்கிறார்கள். பெரியவர்கள் அதற்கு மேல். கடைசியில் அத்தனை பேரும் அஞ்சலியைத் தூக்கிவைத்துக் கொஞ்சுகிறார்கள். சரி, எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்று நாம் மூச்சு விடும்போது அந்தக் குழந்தை இறந்துபோகிறது. பேபி ஷாமிலிக்குத் தேசிய விருது கிடைத்தது. அஞ்சலி வைத்த 'நற்பெயர்' தொகை, அவளுடைய உயிர்.

2007-ல் ஆமிர்கானின் 'தாரே ஜமீன் பர்'. எழுத்துக்கள் கண் முன்னால் டான்ஸ் ஆடுகிற பையன் இஷானைப் பாஞ்சகனியில் ஒரு போர்டிங் ஸ்கூலில் கொண்டுபோய்த் தள்ளுகிறார்கள். புது இடம், புது வாத்தியார்கள், பழைய திட்டு. அவனைப் புரிந்துகொள்ள ஒரு டிராயிங் மாஸ்டர் வருகிறார். எல்லாம் சரி. ஆனால் பள்ளிக்கூடம் அவனை ஏற்றுக்கொள்வது எப்போது? ஓவியப் போட்டியில் முதல் பரிசு வாங்கும்போது. அந்தப் பையனுக்குப் படமும் வரைய வராமல் போயிருந்தால்? யோசித்தாலே வயிற்றைக் கலக்குகிறது.

பாண்டிராஜின் முதல் படம் 'பசங்க' (2009). புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமம். பெயருக்குப் பின்னால் இப்போதே ஐ.ஏ.எஸ். போட்டுக்கொள்ளும் அன்புக்கரசு புதுசாக வந்து சேருகிறான். வாத்தியார் பையன் ஜீவாவும் அவன் படை பரிவாரங்களும் அவனைப் படுத்துகிற பாடு, நம் எல்லாருடைய ஆறாம் வகுப்பும்தான். பகை தீர்ந்து எல்லாரும் ஒன்று சேருவதற்கு அன்பு ஆஸ்பத்திரியில் போய்ப் படுக்க வேண்டியிருக்கிறது.

வெள்ளைக்காரன் மட்டும் என்ன வாழ்கிறதாம்? 1984-ல் வந்த 'கராத்தே கிட்' படத்தில் நியூஜெர்சியிலிருந்து கலிபோர்னியாவுக்குக் குடிவந்த பையனைத் தெருச் சட்டாம்பிள்ளைகள் துவைத்து எடுக்கிறார்கள். போட்டியில் ஜெயித்தால்தான் மரியாதை. 2010-ல் மறுபடி எடுத்தார்கள். இந்த முறை பையன் அமெரிக்காவிலிருந்து சீனாவுக்குப் போனான். (கற்றுக்கொண்டது குங்ஃபூ. படத்தின் பெயர் மட்டும் கராத்தே!) அங்கேயும் கோப்பைதான் நுழைவுச்சீட்டு.

ஆக, பரிசு வாங்கு. இல்லையென்றால் அடிபட்டுப் படு. இரண்டும் முடியாதென்றால் உயிரை விடு. நுழைவுக் கட்டணம் ரொம்ப ஜாஸ்தி சார்!

* * *

எங்கள் ஊர் மாங்காட்டில் இந்தக் கட்டணத்திலிருந்து சாமிக்கே விலக்கு இல்லை. காமாட்சியம்மன் கோயிலுக்கு எலுமிச்சம்பழத்தோடு ஆறு வாரம் வந்து போகிறவர்களைக் கேட்டுப் பாருங்கள், கதை சொல்வார்கள். விளையாட்டாக ஈசனின் கண்களைப் பொத்தியதற்காகப் பூமிக்கு அனுப்பப்பட்ட அம்பாள், இந்த மாந்தோப்புக்கு வந்து, ஐந்து அக்கினிக்கு நடுவில், ஊசிமுனை போல ஒற்றைக் கால் கட்டைவிரலில் நின்று தவம் செய்தாள் என்பது தல புராணம். அதற்கப்புறம்தான் காஞ்சிபுரத்தில் கல்யாணம். வெளியூரிலிருந்து வந்தவள், வந்த இடத்தில் ஒற்றைக் காலில் நின்றாள். இந்த ஊரின் முதல் புதுமுகம் அவள்தான் என்று எனக்குத் தோன்றும்.

2000-மாவது ஆண்டில் நான் வந்தேன். அப்பாவுக்கு அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை மாறியது. பாளையங்கோட்டையிலிருந்து மாங்காட்டுக்குக் குடித்தனம். ஆறாம் வகுப்பு. இரண்டாம் நாளே ஸ்கூலுக்கு லேட்.

"ஏண்டா லேட்டு?" என்றார் வாத்தியார்.

"பைய நடந்து வந்தேன் சார்" என்றேன். எங்கள் பக்கத்தில் 'பைய' என்றால் மெதுவாக.

"எந்தப் பைய?" என்று பின் பெஞ்சிலிருந்து ஒரு குரல். வகுப்பே சிரித்தது. "காமி, எந்தப் பைடா? மஞ்சப்பையா, ஸ்கூல் பையா?"

அன்று முதல் ஒரு மாசம் நான் வாயைத் திறக்கவில்லை. அப்படியும் விட்டார்களா? 'அல்வா' என்று பெயர் வைத்தார்கள். திருநெல்வேலிக்காரனுக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள்! மைதானத்தில் எனக்கு ஒதுக்கப்பட்ட இடம், பவுண்டரிக்கு அப்பால் முள்வேலி ஓரம். பந்து முள்ளில் விழுந்தால் எடுத்துப் போடலாம். அதுதான் என் ஆட்டம்.

விமோசனம் நெல்லை எக்ஸ்பிரஸில் வந்தது. ஊருக்குப் போய்த் திரும்பிய அப்பா, ஒரு கிலோ அல்வா வாங்கி வந்தார். அதில் பாதியை டிபன் பாக்ஸில் அடைத்து எடுத்துக்கொண்டு போனேன். கேப்டன் ஒரு விள்ளல் வாயில் போட்டான். கண்ணை மூடினான். திறந்தான். "நீ இன்னிக்கு ஓப்பனிங் இறங்கு" என்றான். அந்த வாரம் முழுக்க நான்தான் ஓப்பனிங். அல்வா தீரத் தீர, பேட்டிங் வரிசையில் கீழே இறங்கி, டப்பா காலியான அன்று மறுபடி முள்வேலிக்கு வந்து சேர்ந்தேன்!

சிரிக்கலாம், தப்பில்லை. நானும் இந்தக் கதையைச் சொல்லிக் கல்யாண வீடுகளில் நிறையப் பேரைச் சிரிக்க வைத்திருக்கிறேன். சிரிப்பு வராத பகுதி ஒன்று உண்டு. அதைப் பந்தியில் சொல்வதில்லை. எட்டாம் வகுப்பு வருவதற்குள் என் வாயிலிருந்து 'பைய' போயே போய்விட்டது. 'அங்கன', 'இங்கன', 'வாரியளா' எல்லாம் போயிற்று. கோடை லீவில் ஊருக்குப் போய் ஆச்சி முன்னால் நின்று பேசினேன். ஆச்சி என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "ஏல, என்ன மெட்ராஸ்காரன் கணக்கா பேசுத?" என்றாள். பெரியப்பா பிள்ளைகள் எல்லாரும் சிரித்தார்கள். பின் பெஞ்சில் கேட்ட அதே சிரிப்பு!

மாங்காட்டில் நான் வைத்த தொகை அல்வா என்றுதான் அதுவரை நினைத்துக்கொண்டிருந்தேன். வைத்தது நாக்கு.

* * *

சினிமாவில் இதைக் கண்டுகொண்டவர்களும் இருக்கிறார்கள். 2015-ல் கான் திரைப்பட விழாவின் மிகப் பெரிய விருதான தங்கப் பனையை வாங்கிய 'தீபன்' என்ற பிரெஞ்சுப் படம். எழுத்தாளர் ஷோபாசக்திதான் கதாநாயகன். ஈழத்திலிருந்து தப்புவதற்காக, ஒருவருக்கொருவர் சம்பந்தமே இல்லாத ஒரு ஆண், ஒரு பெண், ஒன்பது வயதுச் சிறுமி மூன்று பேரும் இறந்துபோன வேறொரு குடும்பத்தின் பாஸ்போர்ட்டில் அப்பா, அம்மா, மகளாகிப் பிரான்சுக்குப் போகிறார்கள். அந்தச் சிறுமி இளையாள் பாவம், பெற்றவர்கள் இல்லை, ஊர் இல்லை, பெயர் கூட வேறு யாருடையதோ. பள்ளிக்கூடத்தில் மற்றப் பெண்கள் விளையாட்டில் சேர்த்துக்கொள்ளாதபோது அவளுக்கு வரும் கோபத்தைப் பார்க்கவேண்டும். இந்த அப்பா அம்மாவை விட பிரெஞ்சை முதலில் பிடித்துக்கொள்வது அவள்தான். வீட்டுக்கே மொழிபெயர்ப்பாளர் வேலை. ஒன்பது வயதுக்கு அது பெரிய உத்தியோகம்.

2025 மே மாதம் வந்த 'டூரிஸ்ட் ஃபேமிலி'யில் இதே சமாசாரம் சிரிப்போடு வருகிறது. இலங்கையின் பொருளாதார நெருக்கடியில் பிழைக்க வழியில்லாமல் படகேறி வந்த குடும்பம், சென்னையில் ஒரு காலனியில் குடியேறுகிறது. சசிகுமார், சிம்ரன், இரண்டு பையன்கள். உங்கள் பேச்சு வெளியில் தெரியக்கூடாது என்று அவர்களுக்குச் சொல்லப்படுகிறது. தமிழ்நாட்டுக்கு வந்த தமிழன், தன் தமிழை ஒளித்துவைக்க வேண்டும்! சின்னவன் முல்லி அடிக்கும் லூட்டிக்குத் தியேட்டர் குலுங்கியது. நான் மட்டும் பழைய 'பைய'யை நினைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

ஆனால் இந்த விஷயத்தை இதைவிடச் சுருக்கமாகச் சொன்னவர் ஒரு ஜப்பான்காரர். மியாசாகியின் 2001-ஆம் வருஷத்துக் கார்ட்டூன் படம் 'ஸ்பிரிட்டட் அவே'. பத்து வயதுச் சிஹிரோ புது ஊருக்குக் குடிபோகும் வழியில் ஆவிகளின் உலகத்தில் மாட்டிக்கொள்கிறாள். அங்கே பிழைக்க வேண்டுமானால் வேலை செய்யவேண்டும். வேலைக்குச் சேர்ந்ததும் அந்தக் குளியல் விடுதியின் முதலாளி, யுபாபா என்ற சூனியக்கிழவி, அவள் பெயரிலிருந்து எழுத்துக்களைப் பிடுங்கிக்கொண்டு 'சென்' என்று சுருக்கிவிடுகிறாள். உன் நிஜப் பெயரை மறந்தாயோ, வீட்டுக்குப் போகும் வழியும் மறந்துவிடும் என்று ஒரு பையன் எச்சரிக்கிறான்.

சூனியக்கிழவி ஜப்பானில் மட்டும்தான் இருக்கிறாளா என்ன? எங்கள் தெருவிலும் இருந்தாள். அவளுக்கு ஒன்பது வயது, கையில் கிரிக்கெட் மட்டை!

* * *

மாங்காடு 2021-ல் பேரூராட்சியிலிருந்து நகராட்சியானது. நான் வந்தபோது மல்லிகைத் தோட்டமாக இருந்த இடங்களில் இப்போது ஃபிளாட்டுகள். ஃபிளாட் தானாக முளைப்பதில்லையே. கட்டுகிறவர்கள் பீகார், ஒடிசா, ஜார்க்கண்ட் என்று எங்கிருந்தோ வருகிறார்கள். 2022-ல் எங்கள் தெருக்கோடியில் ஒரு கட்டடம் எழும்பத் தொடங்கியது. பக்கத்தில் தகரக் கொட்டகை போட்டார்கள். சென்ட்ரிங் வேலை செய்யும் ஒரு பீகார்க்காரர் மனைவியோடும் மகனோடும் அதில் குடியிருந்தார். பையனுக்கு என் மகன் வயசு. அழகான, நீளமான பெயர் அவனுக்கு. (இங்கே எழுதவில்லை. பெரியவனாகித் தமிழ் நன்றாகப் படிக்கத் தெரிந்து, 'என்னைக் கேட்டீங்களா?' என்று வந்து நின்றால் என்ன பதில் சொல்வது?)

எங்கள் தெருப் பையன்கள் அந்தப் பெயரை மூன்று தடவை முயற்சி செய்தார்கள். நாலாவது தடவை 'ஹிந்தி' என்று வைத்துவிட்டார்கள். "ஏய் ஹிந்தி, பந்தை எடுடா!" எங்கள் தெருவில் பந்து போனால் பெரும்பாலும் சாக்கடைக்குத்தான் போகும். ஆகவே அவன் முதலில் கற்றுக்கொண்ட தமிழ் வாக்கியம், "நான் எடுக்கறேன்."

நான் மாடியிலிருந்து பார்த்துக்கொண்டே இருப்பேன். புதுப் பையன் படம் எத்தனை பார்த்திருக்கிறேன்! என்றைக்காவது ஒருநாள் இவன் கையில் பந்தைக் கொடுப்பார்கள், 'லகான்' படத்தில் கச்ராவின் கையில் பந்து சுழன்ற மாதிரி சுழலும், தெருவே வாயைப் பிளக்கும் என்று காத்திருந்தேன். ஒருநாள் கொடுத்தார்கள். பந்து நேராகப் பக்கத்து வீட்டு மாமியின் வடாம் மேல் விழுந்தது. பேட்டைக் கொடுத்தார்கள். முதல் பந்தில் குச்சி எகிறியது. "சுமாராத்தான்பா ஆடறான்" என்று என் மகன் ரிப்போர்ட் கொடுத்தான். என்ன திரைக்கதை இது! பரிசும் இல்லை, திறமையும் இல்லை. இந்தப் பையன் என்ன கொண்டு வந்தான் என்று கேட்டால், ஒன்றும் கொண்டு வரவில்லை.

அப்புறம் வந்தது 2023 மார்ச். தமிழ்நாட்டில் பீகார்த் தொழிலாளர்களை அடிக்கிறார்கள், கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் செல்போனுக்குச் செல்போன் பறந்தது ஞாபகம் இருக்கும். எல்லாம் புரளி என்று நம்ம போலீஸ் சொல்லியது. பீகாரிலிருந்தே அதிகாரிகள் குழு வந்து பார்த்துவிட்டுப் போனது. அதற்குள் பயந்துபோய் எத்தனையோ பேர் ரயிலேறிவிட்டார்கள். எங்கள் தெருக்கோடித் தகரக் கொட்டகையின் கதவு சாத்தியே கிடந்தது.

மூன்று நாளாகப் பையன் விளையாட வரவில்லை. நாலாவது நாள் பந்து சாக்கடையில் விழுந்தது. பையன்கள் அதைச் சுற்றி நின்றார்கள். யாரும் குனியவில்லை.

"அவன் ஏண்டா வரல?" என்றான் கேப்டன்.

திண்ணையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த ரிட்டயர்டான பெரியவர் தலையை நிமிர்த்தாமலே சொன்னார்: "பயமா இருக்கும்."

"யாரைப் பாத்து தாத்தா?"

"உங்களைப் பாத்துதான்."

பையன்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒன்பது வயது, பத்து வயது. ஒருத்தனுக்கு முன் பல் இரண்டு இல்லை. "எங்களைப் பாத்தா!" என்று சிரிக்க ஆரம்பித்து, பாதியில் நிறுத்திவிட்டார்கள்.

நாலு பேர் கிளம்பி நேராகக் கொட்டகைக்குப் போனார்கள். கேப்டன் கையில் மட்டை அப்படியே இருந்தது. அதைக் கீழே வைக்கவேண்டும் என்று அவனுக்குத் தோன்றவில்லை. தோன்றுகிற வயசா அது? நான் மாடியிலிருந்து இறங்கி ஓடுவதற்குள் கதவைத் தட்டிவிட்டார்கள். கதவைத் திறந்த அப்பா, முதலில் மட்டையைத்தான் பார்த்தார். அவர் முகம் போன போக்கை நான் சொல்லப்போவதில்லை. உள்ளே அந்தம்மா பையனைப் பின்னால் இழுத்துக்கொண்டது தெரிந்தது.

"அங்கிள், அவனை அனுப்புங்க. ஆள் குறையுது" என்றான் கேப்டன். பிறகு என்ன நினைத்தானோ, உள்ளே பார்த்து அந்த நீளமான பெயரைச் சொல்லிக் கூப்பிட்டான். 'ஹிந்தி' என்று கூப்பிடவில்லை. பெயரைத்தான். அதுவும் தப்பும் தவறுமாக.

இருட்டுக்குள்ளிருந்து பையனின் குரல் வந்தது. பெயரைத் திருத்திச் சொன்னான். கேப்டன் மறுபடி சொன்னான். மறுபடி தப்பு. பையன் மறுபடி திருத்தினான், இந்தத் தடவை கொஞ்சம் எரிச்சலோடு. மூன்றாவது தடவை நாலு பேரும் கோரஸாகச் சொல்லிச் சரியாக வந்தது. அந்த அப்பா மட்டையைப் பார்ப்பதை விட்டுவிட்டுப் பல் இல்லாதவனைப் பார்த்தார். கதவிலிருந்து நகர்ந்து நின்றார்.

அன்றைக்கு அவன் ஓப்பனிங் இறங்கினான். இரண்டாவது பந்தில் அவுட். ஆனால் சாக்கடையில் கிடந்த பந்தை அன்றைக்குக் கையை விட்டு எடுத்தவன் கேப்டன்.

* * *

கூட்டாளி சேர்ப்புப் பாடத்தில் இரண்டாவது பாதி ஒன்று உண்டு. பரீட்சைக்குப் படித்தவர்களுக்குத் தெரியும். புதியவர் வரும்போது பழைய கூட்டாளிகள் இரண்டு வேலை செய்தாக வேண்டும். ஒன்று, கடையில் இருக்கும் சொத்தையும் கடனையும் எடுத்து வைத்து 'மறுமதிப்பீடு' போடவேண்டும். இவ்வளவு நாள் ஏட்டில் பெரிசாக எழுதி வைத்திருந்தது நிஜத்தில் என்ன பெறும் என்று அப்போதுதான் தெரியவரும். இரண்டாவது, தங்கள் பங்கிலிருந்து ஆளுக்குக் கொஞ்சம் விட்டுக்கொடுக்க வேண்டும். அதற்குப் பாடப்புத்தகம் வைத்திருக்கும் பெயர், 'தியாக விகிதம்'. காமர்ஸ் புத்தகத்தில் கவிதை எங்கே என்று கேட்பவர்களுக்கு நான் காட்டுவது இந்த இடத்தைத்தான்.

படங்களில் நாம் அழுவது புதுக் குழந்தை கட்டணம் கட்டும்போது. நல்ல படங்கள் கூடவே மறுமதிப்பீட்டையும் போட்டுவிடுகின்றன. அஞ்சலி வந்தபிறகுதான் அந்தக் காலனியின் நிஜ மதிப்பு என்ன என்று காலனிக்கே தெரிகிறது. 'டூரிஸ்ட் ஃபேமிலி'யில் காலனிக்காரர்கள் கடைசியில் அந்தக் குடும்பத்தின் பக்கம் நிற்கிறார்கள். எப்படி என்று சொல்லி, இன்னும் பார்க்காதவர்களின் சாபத்தை நான் வாங்கிக்கொள்ளப் போவதில்லை. பழைய கூட்டாளிகளின் பங்கு அங்கே கொஞ்சம் குறைகிறது. படம் அதனால்தான் நெஞ்சில் நிற்கிறது.

இதில் சர்க்கார் நம்மைவிட ஒரு படி மேல். 2009-ஆம் வருஷத்துக் கல்வி உரிமைச் சட்டத்தைப் பாருங்கள். பிறந்த தேதிக்குச் சான்றிதழ் இல்லை, பழைய ஸ்கூலிலிருந்து டி.சி. வரவில்லை என்பதற்காக ஒரு குழந்தையைச் சேர்க்கமாட்டேன் என்று சொல்லக்கூடாது என்கிறது. சென்ட்ரிங் தொழிலாளியின் பையனிடம் இந்தக் காகிதங்கள் எங்கே இருக்கப்போகிறது? நுழைவுக் கட்டணம் தள்ளுபடி! 1982-ல் எம்.ஜி.ஆர். விரிவாக்கிய சத்துணவும், 2022-ல் ஆரம்பித்த காலை உணவும் அப்படித்தான். தட்டை நீட்டினால் போடவேண்டும், எந்த ஊர், என்ன மொழி என்ற கேள்வி இல்லை. சாப்பாட்டு வரிசையில் ஒற்றைக் காலில் நிற்க வேண்டாம். தள்ளுபடி ஆகாமல் பாக்கி நிற்பது சாயங்காலம் நாலரை மணிக்குத் தெருவில் வசூலாகும் கட்டணம்தான். அதைச் சட்டம் போட்டு நிறுத்த முடியாது.

* * *

2024-ல் கட்டடம் முடிந்தது. பெயிண்ட் அடித்தார்கள், கிரகப்பிரவேசத்துக்கு வாழைமரம் கட்டினார்கள். அதற்கு முன்பே தகரக் கொட்டகையைப் பிரித்து எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். ஒரகடம் பக்கம் அடுத்த வேலை என்று கேள்வி. சினிமாவாக இருந்தால் பையன்கள் லாரிக்குப் பின்னால் ஓடியிருப்பார்கள், பின்னணியில் புல்லாங்குழல் வாசித்திருப்பார்கள். இங்கே அவர்கள் ஸ்கூலிலிருந்து திரும்பி வந்தபோது கொட்டகை இருந்த இடத்தில் நாலு செங்கல்தான் இருந்தது.

ராத்திரி சாப்பிடும்போது என் மகன் கேட்டான்: "அப்பா, அங்கேயும் அவன் முதல்லேர்ந்து சாக்கடைல பந்து எடுக்கணுமா?"

பதில் சொல்லத் தெரியவில்லை. கணக்கில் வருஷக் கடைசி இருப்பை அடுத்த வருஷத்துக்கு எடுத்துக்கொண்டு போகலாம். இந்தக் குழந்தைகளுக்கு அந்த வசதி கிடையாது. மாங்காட்டில் சேர்த்த இருப்பு ஒரகடத்தில் செல்லாது. ஒவ்வொரு ஊரிலும் பூஜ்யத்திலிருந்து புதுக் கணக்கு. புதுப் பையன் படம் எடுக்கிறவர்கள் எல்லாரும், ஏற்றுக்கொண்ட இடத்தில் 'சுபம்' போட்டுவிடுகிறார்கள். அதற்கப்புறம் வருகிற இரண்டாவது ஊரை, மூன்றாவது ஊரை யாராவது எடுத்தால் தேவலை. அழுவதற்கு நான் தயாராக இருக்கிறேன்.

அதுவரை நம்மால் முடிந்தது ஒன்று உண்டு. ஜூன் மாதம் ஸ்கூல் திறக்கும்போது உங்கள் தெருவுக்கும் ஒரு புது முகம் வரும். என்ன கொண்டு வந்தாய் என்று பார்க்காமல், பெயர் என்ன என்று கேளுங்கள். உங்கள் வீட்டுப் பொடியன்களையும் கேட்கச் சொல்லுங்கள். தப்பாகச் சொன்னாலும் பரவாயில்லை. "அப்படி இல்லை, இப்படி" என்று அந்தக் குழந்தையே திருத்தும், கொஞ்சம் எரிச்சலோடு. அந்த எரிச்சல் வந்துவிட்டால் போதும் சார். அது வீட்டுக்காரங்களுக்கு வருகிற எரிச்சல். விருந்தாளிக்கு வராது.